மோர்டென்ஸ்ருட்டில் நான் மோசம் போன கதை

நார்வேக்குக் கிளம்பும் முன் இரண்டு மொழிகளுக்குப் பயந்தேன். ஒன்று நார்வேஜியன், இன்னொன்று போர்த்துகீசியம். இரண்டிலும் வணக்கம் சொல்லக் கற்றுக்கொண்டு, கண்ணாடி முன் நின்று சொல்லியும் பார்த்தேன். தமிழைப் பற்றி ஒரு நிமிடம்கூட யோசிக்கவில்லை. பத்திரிகையில் தமிழ் எழுதிச் சம்பளம் வாங்கியே தலை நரைத்தவன் அதைப் பற்றி ஏன் யோசிக்கப் போகிறான்? கடைசியில் என் மானம் போனது தமிழில்தான்.

நான் ஒரு மாத இதழில் நாட்டுப்புறப் பாடகர்களைப் பற்றித் தொடர் எழுதுகிறேன். அதைப் படித்துவிட்டு ஓஸ்லோவிலிருந்து சிவநேசன் என்ற வாசகர் தொடர்பு கொண்டார். தன் பக்கத்து வீட்டில் பிரேசில் நாட்டுப் பாடகர் ஒருவர் இருக்கிறார், அவரே எழுதி அவரே பாடுகிறவர், வந்து பாருங்கள் என்றார். பாட்டுகளையும் அனுப்பினார். அக்கார்டியன் வாசித்துக்கொண்டே ஒரு கரகரத்த குரல் பாடியது. பிரேசிலின் வடகிழக்கில் மழை பொய்த்துப் போகிற வறண்ட சீமைக்காரராம். நான் ராமநாதபுரத்தான். ஒரு சொல் விளங்காமலே மாதக்கணக்கில் கேட்டேன். ஓஸ்லோ தமிழ்ச் சங்கம் ஒன்று கோடையில் பேச அழைத்தபோது, என் பேச்சைவிட அவர் பாட்டைக் கேட்கத்தான் விமானம் ஏறினேன்.

முதல் நாள். சிவநேசன் காரோடு விமான நிலையத்தில் காத்திருந்தார். ஐம்பதைத் தாண்டியவர், ஓஸ்லோவில் பஸ் ஓட்டுகிறவர், யாழ்ப்பாணத்துக்காரர். நான் "சார்" என்று தொடங்கியதும் கையை நீட்டித் தடுத்தார்.

"சார் எண்டு கூப்பிடாதேங்கோ. பள்ளிக்கூடத்திலை அடி வாங்கினது ஞாபகம் வருது. அண்ணை எண்டு சொல்லுங்கோ."

வழி முழுக்கப் பாடகர் பேச்சுதான். ஜுவென்சியோ என்ற பெயரை நார்வேயில் யுவென்சியோ என்று வாசிக்கிறார்களாம். இவர்கள் அதையும் சுருக்கி யுவன் ஆக்கியிருந்தார்கள். யுவனுக்கு எழுபது வயது.

"இப்போ எங்க வாசிக்கிறார் அண்ணே? கச்சேரி ஏதாவது இருக்கா?"

"எங்கை? ரெண்டு வருசமா அக்கார்டியன் பெட்டியைத் தொடேல்லை. பாவம் மனுசன். மனுசி மோசம் போட்டா எல்லே."

மனுசி என்றால் மனைவி, அது தெரியும். மோசம் பண்ணிவிட்டாள் என்று எங்கள் பக்கம் சொல்வோம். இவர்கள் மோசம் போட்டாள் என்கிறார்கள்போல என்று நானே பொருள் செய்துகொண்டேன்.

"அடப்பாவமே! எங்க நடந்தது?"

"ஆஸ்பத்திரியிலைதான். அவா அங்கைதானே நேர்ஸா வேலை செய்தவ."

"டாக்டரா?" என்று குரலைத் தாழ்த்திக் கேட்டேன்.

"டொக்டர்மாரைக் குறை சொல்லி என்ன செய்யிறது? நடக்கிறது நடந்திட்டுது."

சிவநேசனின் பெருந்தன்மை என்னை அசத்திவிட்டது. இதற்கு மேல் கிளறுவது நாகரிகமில்லை என்று வாயை மூடிக்கொண்டேன். அந்த நாகரிகத்தை நினைத்தால் இன்றைக்கும் என் தலையில் நானே குட்டிக்கொள்ளத் தோன்றுகிறது.

வீடு மோர்டென்ஸ்ருட்டில். வரிசையாக ஒட்டிக் கட்டிய வீடுகள், எல்லா வாசலிலும் ஒரே மாதிரிப் பூத்தொட்டி. சிவநேசனின் மனைவி வசந்தி அக்கா இடியப்பமும் சொதியும் வைத்து, கூடவே சால்மன் மீனை யாழ்ப்பாணத்துத் தூளில் குழம்பாக்கியிருந்தார். "உறைப்புக் காணுமோ?" என்று கேட்டார். உறைப்பு என்றால் காரம், காணுமோ என்றால் போதுமா என்று அர்த்தம். அதைச் சரியாகப் புரிந்துகொண்டேன் என்று எனக்குள் ஒரு பெருமை வேறு.

இரண்டாம் நாள் காலை, பழுப்பு நிறத்தில் ஒரு சீஸ் தந்தார்கள். வாயில் வைத்தால் திரட்டுப்பாலில் உப்பு விழுந்தாற்போல் இருந்தது. அதை ரொட்டியோடு விழுங்கிவிட்டு, நகரத்தைத் தனியாகப் பார்க்கப் போனேன். திரும்பும்போது பாதாள ரயிலில் 'ருட்' என்று அறிவிப்பு காதில் விழுந்தது, ஏறி உட்கார்ந்தேன். எதிரில் இரண்டு மூதாட்டிகள் கையால் விசிறிக்கொண்டு ஏதோ அலுத்துக்கொண்டார்கள். பக்கத்து இருக்கை இளைஞன் ஆங்கிலத்தில் சொன்னான்: "வெயில் தாங்கவில்லை என்கிறார்கள்." நான் ஸ்வெட்டர் போட்டிருந்தேன். ரயில் கடைசி நிறுத்தத்தில் நின்றபோது அது எல்லிங்ஸ்ருட் பக்கம். நான் போகவேண்டியது மோர்டென்ஸ்ருட். சிவநேசனுக்குப் போன் போட்டால் விழுந்து விழுந்து சிரித்தார்.

"ருட் எண்டு முடியிற இடமெல்லாம் எங்கடை வீடில்லை! அப்பிடியே திரும்பி நடுவிலை இறங்கி மாறி வாங்கோ."

மதியம் யுவன் வீட்டுக்குப் போனோம். மொழிபெயர்க்க சிவநேசனின் மகள் நிலானி வந்தாள். இங்கேயே பிறந்தவள், பல்கலைக்கழகத்தில் படிக்கிறாள். பகுதி நேரமாக ஆஸ்பத்திரியில் 'தொல்க்', அதாவது மொழிபெயர்ப்பாளர். யுவனுக்கு நார்வேஜியன் வரும், ஆங்கிலம் வராது. கதவைத் தட்டுமுன் நிலானி என்னை எச்சரித்தாள்.

"மாமா, மனுசியைப் பற்றி மட்டும் கேட்காதேங்கோ. அழுதிடுவார்."

"எனக்குத் தெரியாதாம்மா?" என்றேன்.

யுவன் குட்டையான மனிதர், பெரிய கைகள். எனக்காகச் சோள மாவை ஆவியில் அவித்து வைத்திருந்தார். குஸ்குஸ் என்றார். பார்த்தால் அசல் புட்டு. வெண்ணெய் தடவிச் சாப்பிடச் சொன்னார். வசந்தி அக்கா அரிசிப் புட்டு அனுப்பினால் இவர் சோளப் புட்டு அனுப்புவாராம். இரண்டு வீட்டுக்கும் இதே பழக்கம். நான் போனில் என் ஊர்ப் படத்தைக் காட்டினேன். ஆடு மேயும் பொட்டல், சீமைக்கருவேலம். அவர் துள்ளிக் குதித்து "அல்காரோபா! அல்காரோபா!" என்றார். அவர் ஊரிலும் அதே மரம், அதே ஆடு.

சுவரில் ஒரு நார்வேக்காரப் பெண்ணின் படம் இருந்தது. சிரித்த முகம். அதன் முன் ஒரு மெழுகுவர்த்தி எரிந்துகொண்டிருந்தது. இந்த ஊரில் நட்டநடுப் பகலிலும் மெழுகுவர்த்தி கொளுத்துகிறார்கள் என்று வசந்தி அக்கா காலையில்தான் சொல்லியிருந்தார். ஒரு பூமாலை போட்டிருந்தால் எனக்கு அப்போதே விளங்கியிருக்கும். மாலை இல்லை. விட்டுப் போனவளின் படத்தைக்கூடக் கழற்றாத மனிதரா என்று மனம் உருகினேன்.

தன் கதையைச் சொன்னார். பதினைந்து வயதில் ஒலிபெருக்கி கட்டிய காரில் வேலை. மருந்துக் கடைக்கும் மாட்டுத்தீவனக் கடைக்கும் விளம்பரம் சொல்லிக்கொண்டு தெருத்தெருவாகப் போகவேண்டும். வெறுமே சொன்னால் யாரும் கேட்பதில்லை என்று மெட்டுப் போட்டுப் பாடினாராம். தீவனக் கடைப் பாட்டைக் குழந்தைகள் பள்ளியில் பாட ஆரம்பித்தன. பிறகு உள்ளூர் வானொலி, பிறகு சந்தையில் விற்ற கேசட். ஜூன் மாதம் அங்கே புனித யோவான் திருவிழா. ஊருக்கு ஊர் தீமூட்டி, சோளம் சுட்டு, விடியவிடிய ஆடுவார்கள். அந்த ஆட்டத்துக்கு இவர் பெட்டி இல்லாமல் முடியாது என்று ஆனது.

பெரிய நகரத்துக் கம்பெனி ஒன்று கூப்பிட்டு, உச்சரிப்பைக் கொஞ்சம் 'திருத்தி'ப் பாடச் சொன்னதாம். பாடினார். இசைத்தட்டு விற்றது. ஊருக்கு வந்து அதே பாட்டை வாசித்தால் ஒருவரும் ஆடவில்லை.

"'எங்கடை ஆள் ஒருத்தரும் காலைத் தூக்கேல்லை. அண்டைக்கே அந்தப் பாட்டை விட்டிட்டன்' எண்டு சொல்லுறார்," என்று நிலானி சொன்னாள்.

ஒரு திருவிழாவில் சுற்றுலா வந்த நார்வே நர்ஸ் மாரிட், ஆடத் தெரியாமல் ஆடி இவர் காலை மிதித்துவிட்டாள். 'என் காலை மிதித்தவளே' என்று ஒரு பாட்டுக் கட்டினார். அதுதான் அவர் மாநிலம் முழுக்கத் தெரிந்த பாட்டு. அந்தக் காலின் பின்னாலேயே நார்வேக்கு வந்துவிட்டார். இங்கே கல்யாண வீடுகளில் வாசித்தார், குழந்தைகளுக்குச் சொல்லிக்கொடுத்தார், ஒவ்வொரு ஜூனிலும் இருவருமாக ஊருக்குப் போய்த் திருவிழாவில் பாடிவிட்டு வந்தார்கள்.

அந்த இடத்தில் அவர் பேச்சு தடுமாறியது. நிலானியும் மெதுவாகத்தான் சொன்னாள்.

"அவா போகேக்குள்ளை இவர் பக்கத்திலை இல்லையாம். ஏதோ உடுப்பு எடுக்க வீட்டை வந்தவராம். இவர் திரும்பிப் போறதுக்கிடையிலை போயிட்டாவாம்."

பாவி, இவர் அந்தப் பக்கம் தலை திருப்பியதும் ஓடியிருக்கிறாளே என்று எனக்கு ரத்தம் கொதித்தது. எழுந்து போய் அவர் தோளைத் தொட்டேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். ஒரே விஷயத்துக்குத்தான் இருவரும் கலங்குகிறோம் என்று அவர் நினைத்தார். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

புறப்படும்போது, மறுநாள் மாலை கடற்கரையில் நடக்கும் தீமூட்டலில் ஒரே ஒரு பாட்டு வாசிக்கிறேன் என்று அவராகவே சொன்னார். நார்வேயிலும் அதே நாளில் யோவான் பெயரில் நெருப்பு மூட்டுகிறார்கள். சிவநேசன் வாசலில் நின்றே கண்ணைத் துடைத்தார்.

"நாங்கள் எத்தினை தரம் கேட்டனாங்கள் தெரியுமே? நீங்கள் வந்த ராசி. நாளைக்கு நீங்கள்தான் அவரைப் பற்றி ரெண்டு வார்த்தை கதைக்கவேணும்."

ரெண்டு வார்த்தை! என்னிடமா?

மூன்றாம் நாள். ஃபியோர்டு என்கிற கடல்கழியின் ஓரத்துப் புல்வெளியில் குடியிருப்புக்காரர்கள் கூடியிருந்தார்கள். பாதி தமிழர், மீதி எல்லா நாட்டாரும். மாலை நேரம், வெயில் இன்னும் உச்சியில் இருப்பதுபோல் அடித்தது. ஒரு பக்கம் சாசேஜ் சுட்டார்கள், மறு பக்கம் வசந்தி அக்காவின் மரவள்ளிப் பொரியல். யுவன் மடிப்புக் கலையாத சட்டை, தொப்பி சகிதம் வந்திருந்தார். பெட்டியைத் திறந்து தூசி தட்டி மடியில் வைத்துக்கொண்டார். ஒரு கட்டையை அமுக்கிப் பார்த்தார். அது கொஞ்சம் முனகியது. பக்கத்தில் நின்ற குழந்தைகள் கைதட்டின.

மைக்கைக் கொடுத்தார்கள். நான் தமிழில் பேச, நிலானி நார்வேஜியனில் சொல்லவேண்டும். கரடுமுரடான மண், ஒலிபெருக்கிக் கார், திருத்திய உச்சரிப்பு என்று நன்றாகத்தான் போனது. அங்கேயே நிறுத்தியிருக்கலாம். கூட்டம் அமைதியாகக் கேட்கிறது என்றால் எனக்கு நாக்கு நீளும்.

"இந்தப் பெரிய மனிதருக்கு மனைவியே துரோகம் செய்தாள். மருத்துவமனையில் யாரோ ஒரு மருத்துவரை நம்பி, இவர் வீட்டுக்கு வந்த நேரம் பார்த்துப் போய்விட்டாள். ஆனாலும் அவள் படத்தை இவர் கழற்றவில்லை. அதன் முன் விளக்கேற்றி வைத்திருக்கிறார்!"

கைதட்டலுக்காக நிறுத்தினேன். ஒரு கைகூட எழவில்லை. நிலானி மொழிபெயர்க்கவில்லை; வாயைத் திறந்தபடி என்னைப் பார்த்தாள். "ஐயோ, என்ன கதை இது?" என்று வசந்தி அக்காவின் குரல் கேட்டது. சிவநேசன் சாசேஜ் குத்திய குச்சியோடு ஓடிவந்தார்.

"ஆர் துரோகம் செய்தது? என்ன கதைக்கிறியள் நீங்கள்?"

"நீங்கதானே அண்ணே சொன்னீங்க? மோசம் போட்டாங்கன்னு..."

"மோசம் போட்டா எண்டால் செத்துப்போனா எண்டு அர்த்தம்!"

மைக் என் கையில்தான் இருந்தது. புல்வெளி முழுக்கக் கேட்டது. யாரோ ஒரு பையன் களுக்கென்று சிரித்தான், அவன் அம்மா முதுகில் ஒன்று வைத்தார். இருபது வீட்டுக்காரர்கள் சேர்ந்து அடக்கம் செய்த பெண்ணை நான் அவர்கள் முன்னாலேயே ஓடிப்போனவளாக்கியிருந்தேன். 'அவள்' என்று வேறு சொன்னேன்.

யுவன் நிலானியின் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தார். என்ன சொன்னார் என்று கேட்கிறார் என்பது மொழி தெரியாமலே புரிந்தது. ஏதாவது பொய் சொல்லிவிடம்மா என்று நான் கண்ணாலேயே கெஞ்சினேன். வெட்கமில்லாமல் கெஞ்சினேன்.

"நான் தொல்க், மாமா. எங்களுக்கு மாத்திச் சொல்லேலாது," என்றாள். அவள் கண் நிறைந்திருந்தது. குனிந்து அவர் காதோரம் எல்லாவற்றையும் சொன்னாள். மருத்துவர், துரோகம், விளக்கு எல்லாம்.

அவர் கோபப்படவில்லை. பெட்டியின் வாரைத் தோளிலிருந்து கழற்றினார். துருத்தியை அமுக்கி, கொக்கி மாட்டி, உறைக்குள் வைத்து மூடினார். சிவநேசன் தூக்க வந்தபோது வேண்டாமென்று தலையசைத்துவிட்டு, தானே சுமந்துகொண்டு மேட்டில் ஏறிப் போனார். நெருப்பைப் பிறகு மூட்டினார்கள். நான் அதன் பக்கமே போகவில்லை.

வீட்டில் யாரும் ஒரு கடுஞ்சொல் சொல்லவில்லை. "உங்களிலை பிழையில்லை, நான்தான் விளக்கமாச் சொல்லியிருக்கவேணும்," என்றார் சிவநேசன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். 'டாக்டரா' என்று நான் ஏன் கேட்டேன் என்பது அவருக்கு அப்போதுதான் உறைத்திருக்கவேண்டும். என்னை ஏறிட்டுப் பார்த்துவிட்டுத் தட்டைப் பார்த்தார். சொல் தெரியாதது ஒன்றும் பெரிய குற்றமில்லை. ஒரு பெண் போய்விட்டாள் என்றதும் எனக்கு முதலில் தோன்றியது ஓடிப்போய்விட்டாள் என்பதுதானே! அதை எந்த வட்டார வழக்கின் தலையில் கட்டுவது?

நான்காம் நாள், சங்கத்தில் என் பேச்சை ஒப்பேற்றிவிட்டு, மன்னிப்புக் கேட்கப் போனேன். நிலானி இல்லாமல் அதுவும் முடியாது. யுவன் உள்ளே விட்டார், நாற்காலி காட்டினார், புட்டு எதுவும் இல்லை. நான் அந்தப் படத்தைப் பார்க்காமல் விஷயத்தைச் சொன்னேன். ஒரே சொல், இவர்கள் ஊரில் ஓர் அர்த்தம், எங்கள் ஊரில் ஓர் அர்த்தம். அவர் நெற்றியைச் சுருக்கிக் கேட்டார்.

"'உங்கடை ஊரிலை அந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம்' எண்டு திருப்பிக் கேக்கிறார்."

"நம்பினவங்களை ஏமாத்துறது," என்றேன் தரையைப் பார்த்து.

அவர் படத்தைப் பார்த்துக்கொண்டே பேசினார். நிலானி துண்டு துண்டாகச் சொன்னாள்.

"பென்ஷன் எடுத்த பிறகு ரெண்டு பேரும் இவற்ரை ஊரிலை போய் இருக்கிறது எண்டு மாரிட்தான் சொன்னவவாம். வீடு வாங்கி, வெள்ளையும் அடிச்சு வச்சவையாம். பிறகு தன்னை இஞ்சை விட்டிட்டுத் தனியப் போயிட்டாவாம்... உங்கடை ஊர் அர்த்தம்தான் சரி எண்டு சொல்லுறார்."

எனக்கு அப்பாடா என்று இருந்தது. நிமிர்ந்து லேசாகச் சிரிக்கவும் செய்தேன். என் பிழையே ஒரு தத்துவமாகிவிட்டது என்று அந்த நேரத்திலும் எழுத்தாளப் புத்தி கணக்குப் போட்டது. அவர் என் சிரிப்பைப் பார்த்தார். இன்னும் இரண்டு வாக்கியம் சொன்னார். நிலானி தயங்கினாள்.

"சொல்லும்மா," என்றேன்.

"ஆனா அதைத் தான்தான் சொல்லலாமாம். நீங்கள் சொல்லக் கூடாதாம்." பிறகு இன்னும் மெதுவாக, "கோவம் இல்லையாம். ஆனா நீங்கள் கேக்கிற இடத்திலை இனி வாசிக்க மாட்டாராம்."

எழுந்து கும்பிட்டேன். அவரும் எழுந்து, முறைப்படி வாசல்வரை வந்து கதவைத் திறந்துவிட்டார்.

மறுநாள் என் பயணம். சிவநேசனுக்கு வேலை நேரம் பிற்பகலில். அதற்குமுன் என்னை விமான நிலையத்தில் விடுவதாகச் சொல்லியிருந்தார். பயணப் பெட்டியைக் கட்டி முடித்தேன். வசந்தி அக்கா வழிக்கென்று ஒரு பை நிறையச் சாப்பாடு கட்டிக் கையில் கொடுத்துக்கொண்டிருந்தார். அப்போது சுவருக்கு அந்தப் பக்கமிருந்து அக்கார்டியன் கேட்டது.

முதலில் திக்கித் திக்கி, மூச்சு வாங்குவதுபோல் வந்தது. பிறகு பிடித்துக்கொண்டது. காலை மிதித்தவளின் பாட்டு. குரலும் சேர்ந்துகொண்டது. வசந்தி அக்கா அப்படியே சுவரோடு சாய்ந்தார். நிலானி மாடிப்படியில் பாதியில் உட்கார்ந்துவிட்டாள். பஸ் கம்பெனிச் சட்டைக்குப் பொத்தான் போட்டுக்கொண்டிருந்த சிவநேசன், பொத்தானை விட்டுவிட்டு அழுதார்.

"அண்ணே, நான் இருக்கிறது அவருக்குத் தெரியுமா?" என்று கேட்டேன்.

சிவநேசன் மூக்கை உறிஞ்சினார். "விடிய வாசல்லை கண்டு கேட்டவர். நீங்கள் ஊருக்கு வெளிக்கிட்டிட்டியள் எண்டு சொல்லிப்போட்டன். அப்பிடிச் சொன்னாலாவது தொடுவார் எண்டு... இருங்கோ. ஆருக்குத் தெரியப்போகுது? இருந்து கேளுங்கோ."

நாற்காலியை இழுத்துப் போட்டார். நான் உட்காரவில்லை. மாதக்கணக்கில் போனில் கேட்ட குரல், கைக்கெட்டும் தூரத்தில், எனக்கில்லை என்று சொல்லப்பட்ட பிறகு பாடிக்கொண்டிருந்தது. ஆசை இல்லை என்று சொன்னால் பொய். ஒரு கையில் பெட்டியையும் மறு கையில் சாப்பாட்டுப் பையையும் எடுத்தேன். ரயிலில் போய்க்கொள்கிறேன் என்று சிவநேசனிடம் சைகை காட்டினேன். அவர் தடுக்கவில்லை. பின்பக்கக் கதவால் சத்தமில்லாமல் இறங்கி, வீடுகளின் பின்புறமாக ஸ்டேஷனுக்கு நடந்தேன்.

அவர் ஜன்னல் திறந்திருந்தது. பாட்டு கூடவே வந்தது. காதைப் பொத்தலாமென்றால் இரண்டு கையிலும் சுமை. வேகமாக நடந்தேன்.